பேழைக்குள் எத்தனை ஆடுகள்

பஸ்ஸில் உட்கார்ந்திருக்கும் எவனும் டிக்கெட் வாங்காதவன்தான், வாங்கியிருந்தால் அவனே எடுத்துக் காட்டட்டும் என்று நினைப்பவர் ஹெஸ்கேல். ஜெருசலேம் நகர பஸ்களில் அவர் டிக்கெட் பரிசோதகர். பாக்தாதிலிருந்து மற்ற யூதர்களோடு விமானத்தில் வந்து இறங்கி, சில குளிர்காலங்களை அகதிக் கூடாரத்தில் தள்ளி, கடைசியில் கத்தமோன் குடியிருப்பில் வீடு கிடைத்தபோது கூடவே இந்த வேலையும் கிடைத்தது. அவர் சுபாவத்துக்கென்றே செய்துவைத்த மாதிரி. மாதச் சீட்டை வெளிச்சத்தில் தூக்கிப் பிடிப்பார். தேதியில் ஒரே ஒரு எண் வேறு மையில் இருந்தால் போதும், "இறங்குய்யா கீழே" என்பார்.

வீட்டிலும் அப்படித்தான். தர்பூசணி விற்பவன், குழாய் பழுது பார்ப்பவன், வானொலியில் செய்தி வாசிப்பவன், ஒருவனையும் நம்பமாட்டார். மனைவி நஸீமா போட்ட மாங்காய் ஊறுகாயைக்கூட மோந்து பார்த்துவிட்டு, "போன தடவை போட்ட அதே மசாலாதானா?" என்று கேட்பார். அவர் சந்தேகப்படாதது உலகத்தில் ஒன்றே ஒன்றுதான். தோரா, மோசேயின் ஐந்து வேத நூல்கள். சனிக்கிழமை காலையில் பாக்தாத்காரர்களின் ஜெபக்கூடத்தில் தோல்சுருளை விரித்து, உயிர்க்குறியோ ராகக்குறியோ இல்லாத அந்த எழுத்தை இசையோடு வாசிப்பவர் அவர். மோசே எழுதினார், ஹெஸ்கேல் வாசிக்கிறார். நடுவில் வேறு ஆள் கிடையாது.

பண்டிகைகள் முடிந்த வாரம், ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம், ரெஹாவியா நிறுத்தத்தில் பின்வாசல் வழியாக பஸ்ஸில் ஏறினார். முன்வாசலில் ஒரு பெண் இறங்கினாள். விசேஷத்துக்கு மட்டும் போடும் நீலச் செருப்பு. நஸீமா! செவ்வாய்க்கிழமைகளில் தங்கையைப் பார்க்கத் தல்பியோத்துக்குப் போவதாகத்தானே சொல்வாள்? தல்பியோத் நகரத்தின் மறுகோடியில் அல்லவா இருக்கிறது? ஹெஸ்கேல் ஒருவரிடமும் டிக்கெட் கேட்காமல் கீழே குதித்தார்.

நிழலான தெரு. ஜெர்மனியிலிருந்து வந்த படிப்பாளிகள் குடியிருக்கும் பேட்டை. நஸீமா ஒரு கல்வீட்டுக்குள் நுழைந்தாள். கதவைத் திறந்தது ஓர் ஆண் கை. அதை மட்டும் பார்த்தார். இருபத்தாறு வருஷம் கூட வாழ்ந்தவள். எத்தனை செவ்வாய்க்கிழமைகள் போயிருக்கும்? போன மாதம் தலைக்கு மருதாணி போட்டாளே, இதற்குத்தானா? கொண்டைக்கடலை அடைத்த சாம்பூசக் அதிகமாகப் பொரித்துத் தனியாக எடுத்து வைத்தாளே, அது யாருக்கு?

ஜன்னல் திறந்திருந்தது. கிட்டே போனார். உள்ளிருந்து நஸீமாவின் குரல் கேட்டது. கொஞ்சல் இல்லை, சிரிப்பு இல்லை. அவள் வாசித்துக்கொண்டிருந்தாள். நோவா பேழைக்குள் போனது, கடவுள் வெளியிலிருந்து கதவை அடைத்தது. அந்தச் சனிக்கிழமை ஹெஸ்கேல் வாசிக்க வேண்டிய அதே பகுதி.

கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார்.

"உன் தங்கச்சி எப்போடி மீசை வெச்சா?"

நஸீமா எழுந்து நின்றாள். எதிரே நாற்காலியில் எழுபது தாண்டிய ஒரு கிழவர், சோடாப்புட்டிக் கண்ணாடி. "யாரது? பஸ்காரரா? நான் பஸ்லயே வர்றதில்லையே" என்றார்.

"என் வீட்டுக்காரர், டாக்டர்" என்றாள் நஸீமா.

"அப்படியா! உட்காருங்க ஐயா. தொப்பியோடவே உட்காருங்க. வேதம் வாசிக்கிற இந்த வீட்டுல ஒருத்தராவது மரியாதையாத் தலையை மூடியிருந்தா எனக்கும் நல்லதுதான்."

அவர் டாக்டர் லோவன்ஹார்ட். பல்கலைக்கழகத்தில் வேதாகமம் கற்பித்து ஓய்வு பெற்றவர். கண் மங்கிவிட்டதால் வாசித்துக் காட்ட ஆள் தேடியிருக்கிறார். பாக்தாதில் பள்ளிக்கூடத்திலேயே எபிரேயம் படித்த நஸீமாவைப் பக்கத்துவீட்டுத் தையல்காரி சேர்த்துவிட்டிருக்கிறாள்.

"என்கிட்ட ஏன் பொய் சொன்னே?"

"சொல்லியிருந்தா விட்டிருப்பீங்களா? இவர் எதைப் பத்தி எழுதுறார்னு கேட்டுட்டு அப்புறம் கத்துங்க."

கேட்டார். தோராவை ஒருவர் எழுதவில்லை, பல காலத்தில் பல கைகள் எழுதியதை யாரோ ஒன்றாகச் சேர்த்திருக்கிறார்கள் என்பது கிழவரின் கட்சி. முழுக்க ஒரே கைதான் என்று அதே ஊரில் இன்னொரு பேராசிரியர் எழுதியதற்குத்தான் இப்போது பதில் தயாராகிறது.

மனைவி மேலிருந்த சந்தேகம் எழுந்துபோன நாற்காலியில் அதைவிடப் பெரிய ஒன்று வந்து உட்கார்ந்தது. இந்த ஆள் யார்? யார் சொல்லி இதைச் செய்கிறான்? பாக்தாதில் மிஷனரிகள் இப்படித்தான் இனிக்க இனிக்கப் பேசுவார்கள்.

"ஒரு சாதாரண கேள்வி" என்றார் டாக்டர். "நோவா பேழைக்குள்ள எத்தனை ஆடு ஏத்தினார்?"

"இதுவா? முதல்ல எல்லாத்துலயும் ஒரு ஜோடின்னு சொல்லியிருக்கு. அப்புறம் ஆடு மாதிரி சுத்தமான மிருகத்துல மட்டும் ஏழேழுன்னு வருது. மொத்தக் கணக்கு முதல்ல, விவரம் பின்னால. பலி கொடுக்க வேணும்ல? எங்க ஊர்ல பால் குடிக்கிற பிள்ளையும் சொல்லும்."

"நல்ல பதில். நம்ம பழைய வேத குருமார், அந்த ரபிகளும் அதைத்தான் சொன்னாங்க. ஆனா ஏறும்போது? அம்மா, அந்த இடத்தை வாசிங்க."

நஸீமா வாசித்தாள். சுத்தமானதும் சுத்தமில்லாததும் இரண்டிரண்டாக ஏறின.

"அது... ஜோடி ஜோடியா வரிசைல வந்துச்சுன்னு அர்த்தம்" என்றார் ஹெஸ்கேல். சொல்லும்போதே, போலி மாதச் சீட்டோடு மாட்டிக்கொண்டவன் பேசுவது மாதிரி தன் குரல் ஒலிப்பது அவருக்கே கேட்டது. "பாருங்க டாக்டர், ஒரு சீட்டுல ரெண்டு கை எழுத்து இருந்தா எங்க வேலைல அதுக்குப் பேரு மோசடி."

கிழவர் கோபப்படவில்லை. "செத்துப்போன அம்மாவைப் பத்தி நாலு பிள்ளைங்க நாலு விதமாச் சொல்றாங்க. அஞ்சாவது பிள்ளை எதையும் தள்ள மனசு வராம எல்லாத்தையும் சேர்த்து எழுதி வைக்கிறான். அவன் மோசடிக்காரனா?"

ஹெஸ்கேல் மனைவியைக் கூட்டிக்கொண்டு வெளியே வந்தார்.

அந்தச் சனிக்கிழமை நோவாவின் பகுதியை வாசித்தார். இரண்டிரண்டாக என்ற சொல் வந்ததும் நாக்கு நின்றது. ஒரு மூச்சு நேரம்தான். பிறகு ராகம் பிசகாமல் போய்விட்டது. ஆனால் மேடைக்குப் பக்கத்தில் நின்ற கூர்ஜி தலையைத் தூக்கிப் பார்த்தார். மசாலாக் கடைக்காரர், ஜெபக்கூடத்தின் தலைவர்.

அடுத்த செவ்வாய்க்கிழமை நஸீமா போகட்டும், ஆனால் தானும் கூடப் போவதென்று ஹெஸ்கேல் முடிவு செய்தார். "காவலுக்கு வர்றீங்களா?" என்றாள் அவள். "அந்த ஆளைக் கையும் களவுமாப் பிடிக்க வர்றேன்" என்றார். அவள் வாசித்தாள். டாக்டர் அவருடைய கட்சியைச் சொன்னார், இவர் மறுத்தார். ஒரு வாரம் இவர் சொன்னதைக் கேட்டு டாக்டர் ஒரு பத்தியையே அடித்துவிடச் சொன்னார். இன்னொரு வாரம் இவர் வாதத்தில் தோற்று வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் படுத்தார். டாக்டர் தந்த காபி தண்ணீராக இருந்தது. அதையும் சந்தேகத்தோடுதான் குடித்தார்.

பாக்தாத்காரர்கள் குடியிருப்பில் எந்த ரகசியம்தான் தங்கும்? யாரோ பார்த்திருக்கிறார்கள். ஒரு சாயங்காலத் தொழுகை முடிந்ததும் கூர்ஜி நாலு பேர் முன்னால் நிறுத்தினார்.

"அபு எஸ்ரா" என்றார், மகன் பெயரைச் சேர்த்து அழைக்கும் பாக்தாத் வழக்கப்படி. "ஒண்ணு கேக்கணும். தோராவோட கடைசி எட்டு வசனம், மோசே இறந்தார்னு வருதே, அதை எழுதினது யாரு?"

தூண்டில் என்று ஹெஸ்கேலுக்குத் தெரிந்தது. "யோசுவா எழுதினார்னு ஒரு ரபி சொல்றார். மோசேயே கண்ணீர் விட்டுக்கிட்டே எழுதினார்னு இன்னொருத்தர் சொல்றார்."

"அது எனக்கும் தெரியும். நீ என்ன சொல்றே?"

மோசே என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. நாலு முகங்களையும் பார்த்தார். "எனக்குத் தெரியலை."

"தெரியலையா! போன வருஷம் தெரிஞ்சிருக்குமே. ரெஹாவியாக் காத்து பட்டுடுச்சு போல" என்றார் கூர்ஜி. யாரோ சிரித்தார்கள். வாசிப்பு அவரிடமிருந்து போயிற்று. நயீம் என்ற சவரக்கடைக்காரரிடம் கொடுத்தார்கள்.

ஹெஸ்கேல் கடைசி வரிசைக்குப் போனார். பக்கத்தில் உட்கார ஆள் வரவில்லை. நஸீமாவிடம் எதிர்வீட்டுக்காரி மாவு இரவல் கேட்பதை நிறுத்தினாள். "நாம இனிமே அங்க போகவேண்டாமா?" என்று அவள் கேட்டாள். அவர் தேநீரைக் கலக்கினார். "போகாம இருந்தா மட்டும் எனக்குள்ள நோண்டுறது நிக்குமா?"

சில வாரம் கழித்து, யாக்கோபு கிணற்றங்கரையில் ராகேலைப் பார்க்கும் பகுதி. நயீம் வாசித்தார். ராகேல் ஆடுகளோடு வருகிறாள் என்ற இடத்தில் அசையின் அழுத்தத்தை மாற்றிப் போட்டுவிட்டார். அதனால் அது வந்துவிட்டாள் என்று ஆகிவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. கடைசி வரிசையிலிருந்து ஒரு குரல் வெடித்தது.

"வந்துட்டா இல்லை! வர்றா! இன்னும் தூரத்துலதான் இருக்கா!"

கூடமே திரும்பிப் பார்த்தது. நயீம் வேர்த்துப்போய் மறுபடி சரியாக வாசித்தார்.

முற்றத்தில் கூர்ஜி வழியை மறித்தார். "கண்டவன் எழுதினதுன்னு நினைக்கிறவனுக்கு ஒரு அசை தப்பினா என்னய்யா?"

"யாரு எழுதினாங்கறதுல எனக்குச் சந்தேகம் வந்துடுச்சு, மறைக்கலை. ஆனா எழுதினவர் அவ வர்றான்னுதான் எழுதியிருக்கார். வர்றவளை வந்துட்டான்னு சொல்ல நயீமுக்கும் உரிமை இல்லை, எனக்கும் இல்லை."

கூர்ஜி மீசையைத் தடவிக்கொண்டே வழியை விட்டார். குளிர்காலம் முடிவதற்குள் வாசிப்பு ஹெஸ்கேலிடமே திரும்பி வந்தது. மன்னிப்பு, சமாதானம் எதுவும் பேசப்படவில்லை. ஒரே மாற்றம், அவர் வாசிக்கும்போது கூர்ஜி அச்சுப் புத்தகத்தை விரித்து, சொல் சொல்லாக விரல் வைத்துச் சரிபார்த்தார்.

பஸ்கா பண்டிகைக்கு முந்தின வெள்ளிக்கிழமை, கூர்ஜி ஏலக்காய்ப் பொட்டலம் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டு வாசலில் நின்றார். சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு உள்ளே வந்தார்.

"அபு எஸ்ரா, சின்ன வயசுலேர்ந்து ஒண்ணு உறுத்துது. எங்கப்பாகிட்ட கேட்டு அறை வாங்கினேன். தம்பியைக் கொன்னுட்டு ஓடினானே காயீன், வழியில பாக்குறவன் என்னைக் கொன்னுடுவான்னு பயந்தானே... அப்போ உலகத்துல வேற யாரு இருந்தா?"

ஹெஸ்கேல் அவர் முகத்தையே பார்த்தார். இதுவும் தூண்டிலா? இல்லை, நிஜமாகவே ஐம்பது வருஷமாக உறுத்துகிறதா? கண்டுபிடிக்க முடியவில்லை.

"என்கிட்ட பதில் இல்லை. செவ்வாய்க்கிழமை அங்க கேட்டுப் பாக்கலாம். இஷ்டம்னா வாங்க."

"நானா? அங்கயா? என்ன பேச்சு பேசுறே!" கூர்ஜி பொட்டலத்தை மேஜைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டார்.

செவ்வாய்க்கிழமை ஹெஸ்கேலும் நஸீமாவும் ரெஹாவியாவில் இறங்கி நடந்தார்கள். தெருவின் எதிர்ப்பக்கம், கோட்டின் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு, கூர்ஜி வந்துகொண்டிருந்தார். ஹெஸ்கேல் நின்றால் அவரும் நின்று மரத்தை வேடிக்கை பார்த்தார்.

"கூப்பிடுங்களேன்" என்றாள் நஸீமா.

"வேண்டாம். யாருன்னே தெரியாத மாதிரி நட" என்றார் ஹெஸ்கேல்.