பரீட்சை முடியும்வரை

ஒரு விசயம் எனக்குத் தெரிந்து, அதை வெளியே சொல்லக்கூடாது என்று யாராவது கேட்டுக்கொண்டால் போதும், எனக்கு உடம்பெல்லாம் எறும்பு ஊரத் தொடங்கிவிடும். இருக்கவும் முடியாது, படுக்கவும் முடியாது. போன வருடம் மே மாதம் முழுவதும் அப்படித்தான் அலைந்தேன். லண்டன் லூயிஷாமில் எங்கள் சின்னச் சமையலறை அந்த மாதம் போல ஒருநாளும் சுத்தமாக இருந்ததில்லை.

மகள் வேலை கிடைத்து வேறு நகரத்துக்குப் போனபின், சீனாவிலிருந்து படிக்க வந்த ஒரு பெண்ணுக்கு அவளுடைய அறையை வாடகைக்குக் கொடுத்தோம். வந்த புதிதில் அந்தப் பெண் தேயிலையும் போடாமல் சீனியும் போடாமல் வெறும் சுடுதண்ணீரைக் கோப்பை கோப்பையாகக் குடித்தாள். பிள்ளைக்குச் சளி, தடிமன் பிடித்துவிட்டது என்று நான் மல்லியும் இஞ்சியும் அவித்துக் கொடுத்தேன். மரியாதைக்குக் குடித்தாள். இரண்டு மூன்று நாள் கழித்துத்தான், தங்கள் ஊரில் எல்லோரும் இப்படியே குடிப்பார்கள், தனக்கு வருத்தம், நோய் ஒன்றும் இல்லை என்று மெல்லச் சொன்னாள். நான் சிரித்த சிரிப்பில் அவளுக்கும் கூச்சம் போய்விட்டது. மகளின் சிநேகிதிகளைப் பார்த்து என்னை 'அன்ரி' என்று கூப்பிடவும் பழகிக்கொண்டாள்.

அவளிடம் இரண்டு குரல்கள் இருந்தன. எங்களோடு ஆங்கிலம் பேசும்போது தாழ்ந்த, நிதானமான குரல். வங்கியோடும் பல்கலைக்கழகத்தோடும் அந்தக் குரலில்தான் சண்டை பிடிப்பாள். மத்தியானத்தில் வீட்டுக்கு வீடியோ கோல் எடுத்தால் குரல் கீச்சென்று ஏறி, பள்ளிக்கூடப் பிள்ளை பேசுவது போல இருக்கும். மேலே அறைக்கு வைஃபை சரியாக வராததால் சமையலறை மேசையில் இருந்துதான் பேசுவாள். காலையில் ஒரு பல் வைத்தியரின் வரவேற்பு மேசையில் வேலை முடித்துவிட்டு நான் சமைக்கிற நேரமும் அதுதான். ஒரு சொல்லும் விளங்காவிட்டாலும் குரல் மாறுவது விளங்கும்.

கிறிஸ்மஸ் விடுமுறையில் லண்டனிலேயே ஒரு கடைக்குப் போய் மூக்குக் குத்திக்கொண்டு வந்தாள். என் மகளுக்கு மூக்குக் குத்திப் பார்க்க ஆசைப்பட்டு நான் கெஞ்சாத கெஞ்சல் இல்லை, அவள் கேட்கவில்லை. இவளோ கேட்காமலே குத்திக்கொண்டு வந்து நிற்கிறாள். ஆனால் தாய்க்கும் தகப்பனுக்கும் தெரியாது. புண் ஆறும்வரை மேலே பிளாஸ்டர் ஒட்டிப் பரு என்று சமாளித்தாள். ஆறியபின் கோல் எடுக்குமுன் மூக்குத்தியைக் கழற்றி என்னுடைய சீனிப் போத்தல் மூடியில் வைப்பாள், பேசி முடித்ததும் திரும்பப் போட்டுக்கொள்வாள். எதற்கு இந்த வேலை என்று ஒருநாள் கேட்டேன். அவள் பேசிய ஆங்கிலம் எனக்குள் எங்கள் தமிழாகத்தான் நிற்கிறது.

"அம்மாவும் அப்பாவும் இங்க அனுப்பின பிள்ளையோடதான் அவை கதைக்கினம், அன்ரி. அவள் இப்ப இல்லை. ஆனால் கோல் வரேக்க யாராவது எடுக்க வேணுமே."

எனக்குச் சுருக்கென்றது. யாழ்ப்பாணத்துக்குக் கோல் எடுக்கும்போது என் குரலும் மாறும் என்று மகள் கேலி செய்வாள்.

அப்படியிருக்கும்போதுதான் மே மாதத் தொடக்கத்தில் அந்தத் தாயிடமிருந்து எனக்கு ஒரு செய்தி வந்தது. வீட்டுக்காரியின் தொடர்பு இருக்கட்டும் என்று, அந்தப் பெண் வந்த அன்றே தங்கள் நாட்டுச் செயலி ஒன்றை என் போனில் ஏற்றி, தாயையும் என்னையும் அறிமுகப்படுத்தி வைத்திருந்தாள். பொங்கலுக்கு நானும் அவர்களுடைய புதுவருடத்துக்குத் தாயும் பூப்படம் அனுப்பியதோடு எங்கள் சிநேகிதம் சரி. இந்த முறை படம் இல்லை. போன் மொழிபெயர்த்துத் தந்த கோணல் ஆங்கிலத்தில் இருந்தது இதுதான்: கணவருக்கு இருதயத்தில் பெரிய ஒபரேஷன் நடந்திருக்கிறது. பரீட்சை முடியும்வரை மகளுக்குத் தெரிய வேண்டாம். அவள் ஒழுங்காகச் சாப்பிடுகிறாளா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

இரண்டு தரம் வாசித்தேன். இரக்கம் பிறகுதான் வந்தது. முதலில் வந்தது கோபம்.

என் அப்பா போனதையும் இப்படித்தான் எனக்கு மறைத்தார்கள். அப்போது நான் லண்டனுக்கு வந்து புதிது. அகதி வழக்கு முடியாமல் கிடந்தது. இந்த நாட்டை விட்டுப் போனால் திரும்பி வர முடியாது. அப்பா படுக்கையில் விழுந்ததையும் எனக்குச் சொல்லவில்லை, செத்ததையும் சொல்லவில்லை. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கும் முடிந்து, சோறு போட்டு, வந்த சனமெல்லாம் போனபிறகுதான் அண்ணை சொன்னார். தெரிந்தால் நான் ஓடி வந்துவிடுவேனாம், வழக்குக் கெட்டுவிடுமாம். அந்த நாட்களில் நான் இங்கே பிறந்தநாள் விழா ஒன்றில் புதுச் சீலை கட்டிச் சிரித்துக்கொண்டு நின்ற படம் இன்றைக்கும் இருக்கிறது. அதைப் பார்க்க எனக்குப் பற்றி எரியும்.

அதனால் இந்தப் பெண்ணுக்குச் சொல்லியே ஆக வேண்டும் என்று நின்றேன். தகப்பனுக்கு ஏதாவது நடந்துவிட்டால்? ஆனால் சொல்லி, அவள் பரீட்சையை விட்டுவிட்டு விமானம் ஏறிவிட்டால் அந்தத் தாயின் முகத்தில் எப்படி விழிப்பேன்? என் கணவரிடம் கேட்டேன். பேப்பரிலிருந்து தலையை எடுக்காமலே சொன்னார்.

"அது அவையின்ர குடும்ப விசயம். நீர் சும்மா இரும்."

சும்மா இருக்கத் தெரிந்தால் நான் ஏன் இப்படி இருக்கிறேன்? அடுப்பைத் தேய்த்தேன். அலுமாரித் தட்டெல்லாம் இறக்கிக் கழுவினேன். சந்தைக்கு வெண்டிக்காய் வாங்கப் போய், வெறும் பையோடு திரும்பி வந்தேன். சிவன் கோயிலுக்குப் போனால் அங்கேயும் மனம் நிற்கவில்லை, பூசை முடியுமுன்னே வெளியே வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்தால் அவள் மேசையில் இருந்து கீச்சுக் குரலில் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பாள். திரையில் அந்த மனிதர் நல்ல சட்டை போட்டு, கழுத்துவரை பொத்தான் பூட்டி, நேராக உட்கார்ந்திருப்பார்.

கடைசியில் ஒருநாள், கோலை வைத்துவிட்டு அவள் மூக்குத்தியைத் திரும்பப் போட்டுக்கொண்டிருக்கும்போது, என் வாய் தாங்கவில்லை. பிள்ளை, உன்னுடைய அப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும் என்று தொடங்கினேன். அவள் கையைத் தூக்கி என்னை நிறுத்தினாள்.

"எனக்குத் தெரியும், அன்ரி. அப்பா எப்பவும் போனை மூக்கோட ஒட்டித்தான் பிடிப்பார். நெத்தியும் மூக்குத் துவாரமும்தான் எனக்குத் தெரியும். இப்ப முழு ஆளாய்த் தெரியிறார். அம்மா போனைப் பிடிக்கிறா. அவருக்குக் கை தூக்க ஏலாது."

பிறகு ஊரில் இருக்கும் மாமா மகள், மச்சாள் ஒருத்தியை நெருக்கி எல்லாவற்றையும் கேட்டு அறிந்திருக்கிறாள். எனக்குச் செய்தி வருமுன்னே அவளுக்குத் தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டே சிரித்திருக்கிறாள், தெரிந்துகொண்டே படித்திருக்கிறாள். எனக்கு வந்த ஆத்திரத்தில் கையிலிருந்த துணியை எறிந்துவிட்டு, என்ன விசர்க் குடும்பமடி உங்களுடையது, அழுது தொலைக்க வேண்டியதுதானே என்று கத்திவிட்டேன். அவள் கோபிக்கவில்லை. வீட்டில் இருந்த காலத்தில் என்றால் அழுதிருப்பாளாம். இப்போது தனக்குத் தெரியும் என்று சொன்னால், அங்கே அவர்களுக்குச் செய்வதற்கு ஒன்றுமே இருக்காதாம். மகளைக் காப்பாற்றுகிறோம் என்ற அந்த வேலைதான் அவர்களை நிமிர்த்தி வைத்திருக்கிறது என்றாள். சோற்றைப் போட்டுக் கொடுத்தேன்.

பரீட்சை முடிந்த அன்று மேசையில் வந்து இருந்தாள். சீனிப் போத்தலைத் தொடவில்லை. மூக்குத்தி மூக்கிலேயே இருக்க, கோல் எடுத்தாள். நான் வெங்காயம் வெட்டுகிற சாட்டில் அங்கேயே நின்றேன். மூக்குத்தியைக் கண்டு தாய் ஏதோ சத்தம் போட்டாள். பிறகு தகப்பன் சிரித்தார். சிரித்தவர் சட்டென்று இரண்டு கையாலும் நெஞ்சைப் பொத்திக்கொண்டு குனிந்தார். தையல் இழுத்திருக்கும். அதற்குப் பிறகு யாரும் யாரிடமும் எதையும் மறைக்க இயலவில்லை. அவள் பேசினாள். சீன மொழிதான், ஆனால் எங்களோடு பேசுகிற அந்தத் தாழ்ந்த குரல். அந்தக் குரலைத் தாயும் தகப்பனும் முதல்முறையாகக் கேட்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

கோல் முடிந்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அடுத்த கிழமையே வீட்டுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வரப்போவதாகச் சொன்னாள். பிறகு, உங்களுடைய அப்பா எப்படி என்று என்னிடம் கேட்டாள். நான் சொன்னேன். அந்தியேட்டிவரை எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டுவிட்டு, அவர் கடைசியில் உங்களைக் கேட்டாரா என்றாள்.

எனக்குத் தெரியாது. இத்தனை வருடமாக அந்த ஒன்றைத்தான் நான் கேட்காமல் இருக்கிறேன். கேட்டார் என்றாலும் தாங்காது, கேட்கவில்லை என்றாலும் தாங்காது.

அவள் மேலே போனபிறகு கொஞ்ச நேரம் அங்கும் இங்கும் நடந்தேன். அடுப்பைத் துடைக்கப் போனேன், துடைப்பதற்கு ஒன்றும் மிச்சம் இல்லை. போனை எடுத்து யாழ்ப்பாணத்துக்கு அடித்தேன். அண்ணை எடுத்தார். சுகம் விசாரிக்காமல், அப்பா கடைசியில் என்னைக் கேட்டாரா என்று நேரே கேட்டேன். அந்தப் பக்கம் அண்ணை எழும்பி மின்விசிறியை நிறுத்துவது கேட்டது.

"ஓம்," என்றார் அண்ணை. "ஒவ்வொரு நாளும் கேட்டவர். நீ வெளிக்கிட்டு வந்துகொண்டிருக்கிறாய் எண்டு சொன்னனாங்கள்."