சுண்டுவிரல் இல்லாத ஆள்

என் பெரிய மாமா சென்னையில் கிரைம் பிராஞ்ச் இன்ஸ்பெக்டராக இருந்தவர். ஓய்வு பெற்றபின் சனிக்கிழமைதோறும் டிவியில் கோட்டுப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, தாம் பிடித்த கொலைகாரர்களின் கதைகளைச் சொன்னார். செம்மண்டலத்தில் எங்கள் தெருவில் பாதிப் பேர் அந்த அரைமணி நேரம் எங்கள் வீட்டில்தான் இருப்பார்கள். நான்காம் வகுப்புப் படித்த நான் கதையைக் கேட்டுவிட்டுப் போர்வைக்குள் நடுங்குவேன். அடுத்த வாரம் எல்லாருக்கும் முன்னால் போய் உட்காருவேன்.

மாமா யார் பெயரையும் சொல்லமாட்டார். சொன்னால் கேஸ் போட்டுவிடுவார்களாம். அதனால் அடையாளம் மட்டும் சொல்வார். மூன்று வாரம் இழுத்துச் சொன்ன கதை ஒன்றில், சென்னையில் முதலாளியைக் கொன்றவன் சிதம்பரம் பக்கத்தில் கிள்ளை ஊர்க்காரன், இடது கையில் சுண்டுவிரல் கிடையாது என்றார். கிள்ளை என்ன அவ்வளவு பெரிய ஊரா?

அந்த ஆனியில் சிதம்பரம் தேர் பார்க்க மாமா வந்திருந்தார். தேருக்கு மறுநாள் மதியம் கரண்ட் இல்லை. அம்மா கடைக்குப் போயிருந்தார். மாமா உள்ளறையில் படுத்திருந்தார். கிரில் கேட்டைப் பூட்டிக்கொண்டு நான் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தேன்.

கேட்டின் கம்பியை ஒரு கை பிடித்தது. எண்ணிப் பார்த்தேன். நாலு விரல்.

“இன்ஸ்பெக்டர் ஐயா இருக்காங்களா பாப்பா? நேத்து தேர்ல பாத்தேன். தங்கச்சி வூடு இங்கதான்னு சொன்னாங்க.”

“இல்ல” என்றேன். அதே நேரம் உள்ளறைத் தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. வந்தவருக்கும் கேட்டிருக்கும். மாமா தயாராகிறார் என்று நினைத்தேன். குற்றவாளியைப் பேசவிட்டுப் பின்பக்கமாக வந்து மடக்குவதை டிவியில் எத்தனை தடவை சொல்லியிருக்கிறார். அதுவரை நான் பேச்சுக் கொடுக்க வேண்டும்.

“நீங்கதான் அந்த அக்யூஸ்ட்டா?”

அவர் கம்பியிலிருந்து கையை எடுத்துக்கொண்டார். “என்னை வுட்டுட்டாங்க பாப்பா. கோர்ட்டுலயே வுட்டுட்டாங்க.”

விட்டுவிட்டார்கள் என்றால், கபடியில் பிடித்த ஆளை நழுவவிடுவதுதான் எனக்குத் தெரியும். நிரபராதி என்று அனுப்புவதற்கும் அதே சொல்தான் என்று தெரியாது. தீர்ப்பு என்ன ஆயிற்று என்பதை மாமா டிவியில் சொன்னதும் இல்லை. போலீஸ் கையிலிருந்து தப்பிய ஆள் என் முன்னால் நிற்கிறான், மாமா இன்னும் வரவில்லை.

“எம் பொண்ணு பன்னெண்டாவது படிக்குது. ஸ்கூலுக்குப் போவவே பயப்படுது. அந்தக் கதைய இனிமே சொல்லவேணாம்னு ஐயாகிட்ட சொல்லு. வேற ஒண்ணும் வேணாம்.”

மூடியிருந்த உள்ளறைக் கதவைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போய்விட்டார். என் பாவாடை நனைந்திருந்ததை அப்புறம்தான் கவனித்தேன்.

வெகுநேரம் கழித்து மாமா வெளியே வந்தார். பனியன் வியர்வையில் உடம்போடு ஒட்டியிருந்தது. கேட்டின் பூட்டை இழுத்துப் பார்த்தார். வந்தவர் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் ஒப்பித்தேன்.

“போயிட்டானா?” என்று மட்டும் கேட்டார்.

அடுத்த சனிக்கிழமை மாமா டிவியில், கிள்ளைக் கொலைகாரன் பழிவாங்கத் தம் தங்கை வீட்டுக்கே வந்ததையும், ஒரு சின்னப் பெண் அவனைத் தைரியமாகப் பேசி அனுப்பியதையும் சொன்னார். பெருமை எனக்குத் தாங்கவில்லை. திங்கட்கிழமை இடைவேளையில், அந்தப் பெண் நான்தான் என்றேன். வகுப்பே என்னைச் சூழ்ந்துகொண்டு கேள்வி கேட்டது.

அன்றைக்குக் கிள்ளையிலும் ஒரு பெண்ணைச் சூழ்ந்துகொண்டு கேட்டிருப்பார்கள் என்பது எனக்குத் தோன்றவே இல்லை.