ஆறு மணி முதல் ஏழு மணி வரை வீட்டில் இருப்பேன்

ஓட்டக்காரியின் வேலையில் ஓடுவது கொஞ்ச நேரம்தான். மிச்சமெல்லாம் சொன்ன நேரத்தில் சொன்ன இடத்தில் இருப்பது. இந்தியாவுக்காக ஓடும் தங்கைகளுக்கு இது புரியும். மற்றவர்களுக்குச் சொல்கிறேன். நாங்கள் ஊக்கமருந்து போட்டுக்கொள்கிறோமா என்று பார்க்க அதிகாரிகள் சொல்லாமல் கொள்ளாமல் வருவார்கள். அதற்காகத் தினமும் ஒரு மணி நேரம் எங்கே இருப்போம் என்று முன்கூட்டியே போனில் பதிந்து வைக்க வேண்டும். வந்தவர்கள் கண்ணில் நாம் படாவிட்டால் அது ஒரு தவறு. ஒரு வருஷத்துக்குள் மூன்று தவறு சேர்ந்தால் ஓடத் தடை. நான் பதிந்தது கும்மிடிப்பூண்டியில் எங்கள் வீடு, காலை ஆறு முதல் ஏழு வரை.

பெண் விசாரிக்க வந்தவர்கள்

எங்கள் தெருவில் பழைய கதவு எண்ணும் உண்டு, புதிய எண்ணும் உண்டு. முதல் தடவை வந்த அதிகாரிகள் இரண்டிலும் குழம்பி, குழாயடியில் நின்ற பக்கத்து வீட்டுக் கோமதி அக்காவிடம் என் பெயரைச் சொல்லி விசாரித்திருக்கிறார்கள். விடிந்ததும் விடியாததுமாக டிப்டாப்பாக இரண்டு பேர் வந்து கல்யாண வயசுப் பெண்ணைப் பற்றிக் கேட்டால் யாராக இருக்கும்? மாப்பிள்ளை வீட்டு ஆட்கள்தான் என்று அக்கா முடிவு செய்துவிட்டார். தலைகூட வாராத கோலத்தில் என்னை அவர்கள் பார்க்கக் கூடாதே என்று, அவள் கடம்பத்தூரில் தன் அக்கா வீட்டுக்குப் போயிருக்கிறாள், ஞாயிற்றுக்கிழமை வாருங்கள் என்று அனுப்பிவிட்டார். நான் உள்ளே கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

முதல் தவறு என்று தகவல் வந்ததும் அக்காவிடம் ஓடினேன். அவர் பெருமையாகச் சொன்னார்: "ஓட்டம்னு ஒரு வார்த்த நான் வாயத் தொறக்கல கண்ணு. அடக்க ஒடுக்கமா ஊட்டோட இருக்கிற பொண்ணுன்னுதான் சொன்னேன்."

கூடவே வந்த அம்மணி

அடுத்த முறை சரியாக வந்துவிட்டார்கள். சிறுநீர் கொடுக்கும்போது பெண் அதிகாரி ஒருவர் கூடவே நின்று கண்ணால் பார்க்க வேண்டும் என்பது விதி. பார்த்துக்கொண்டு நின்றால் வருமா? செம்பு செம்பாகத் தண்ணீர் குடித்தேன். பின்கட்டுக்கு நாங்கள் இருவரும் போவதும் வருவதுமாக இருந்தோம். என்னைவிட அவருக்குத்தான் கூச்சம் அதிகம்.

கடைசியில் வேலை முடிந்தது. அம்மாவுக்கு அவரைப் பார்த்து மனசு கேட்கவில்லை. தட்டில் நாலு இட்லியை வைத்து நீட்டினார்: "இத்தப் பாக்கவா உன்னப் படிக்க வெச்சாங்க? ஒக்காந்து நாஷ்டா துன்னுட்டுப் போம்மா."

பெல் ஒயர்

என் நைனாவுக்கு இரும்புக் கம்பெனியில் நைட் ஷிப்ட். எங்கள் வரிசையில் பாதி வீடு அப்படித்தான். ஷிப்ட் முடித்து வந்தவர் முதலில் காலிங் பெல் ஒயரைப் பிடுங்கிவிட்டுத்தான் படுப்பார். தூங்குகிறவர் வீட்டுக் கதவை யாரும் தட்டவும் மாட்டார்கள், தட்டவிடவும் மாட்டார்கள். மூன்றாம் முறை வந்த அன்றைக்கு அதிகாரி பெல்லை அழுத்து அழுத்தென்று அழுத்தியிருக்கிறார். தட்டக் கை ஓங்கியபோது எதிர்வீட்டுக்காரர் ஓடிவந்து, ஆள் இப்போதுதான் படுத்தார் என்று கையைப் பிடித்துக்கொண்டாராம். பின் அறையில் ஃபேன் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்கவில்லை.

விளக்கம் எழுதிப் பார்த்தேன், எடுபடவில்லை. இரண்டாவது தவறு. இன்னொன்று வந்தால் ஆசியப் போட்டி போச்சு. தொடர் ஓட்ட அணியில் என் பெயர் அப்போதுதான் வந்திருந்தது. எனக்கு அழுகை அழுகையாக வந்தது. நைனா அன்று முழுக்கச் சாப்பிடவில்லை. சாயங்காலம் பாயை எடுத்து வாசற்படிக்குக் குறுக்கே போட்டார்: "இனிமே நான் இங்கியே படுத்துக்கிறேம்மா. வர்றவங்க என்னை மிதிச்சிக்கினாவது உள்ள வரட்டும்."

ஆரணி மாமா

போட்டிக்குக் கிளம்ப வேண்டிய வாரத்தில் ஆரணியில் என் தாய்மாமா தவறிவிட்டார். எனக்கு உயிரான மாமா. போகும் வழியிலேயே போனில் விலாசத்தை மாற்றினேன்: ஆரணி, மாமா வீடு, வாசலில் பந்தல் இருக்கும்.

மறுநாள் காலை பந்தலைப் பார்த்து அதிகாரிகள் வந்தே விட்டார்கள். சாவு வீட்டில் வருகிற பெண்ணை யார் எவர் என்று கேட்பதில்லை. உள்ளே வந்த பெண் அதிகாரியை எங்கள் சித்தி இழுத்துக் கட்டிக்கொண்டு ஒப்பாரியைத் தொடங்கினார். அந்த அம்மணி விடுவித்துக்கொள்ளப் பார்த்தார்; அதற்குள் இன்னொரு அத்தை தோளில் சாய்ந்தார். என் பெயரைச் சொல்ல வாய் திறந்தவருக்கு அழுகைதான் வந்தது. நானோ மாமாவின் தலைமாட்டில் முகத்தைப் புதைத்துக் கிடந்தேன். மணி ஏழை நெருங்கிக்கொண்டிருந்தது.

அம்மாதான் அந்தப் பெண் அதிகாரியின் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைக் கவனித்தார். சொந்த அண்ணனுக்காகப் பாடிக்கொண்டிருந்ததை நிறுத்தி, முந்தானையால் முகத்தைத் துடைத்து, என் தோளைப் பிடித்து உலுக்கினார்: "ஏந்திரிடி. உன் மாமன் இங்கதான் இருப்பாரு, இவங்க ஏழு மணிக்குப் பூடுவாங்க."

ஆசியப் போட்டியில் எங்கள் அணிக்கு நாலாவது இடம்தான். ஆனால் ஆரணிப் பக்கம் போனால் பதக்கத்தைப் பற்றி யாரும் கேட்பதில்லை, மாமாவுக்காக அவ்வளவு அழுத அந்த அம்மணி சௌக்கியமா என்றுதான் கேட்கிறார்கள்.