அப்படியே அத்தா மாதிரி

மூன்றாவது கருவும் கலைந்த பிறகு, எனக்கும் என் கணவருக்கும் ரத்தம் எடுத்துச் சென்னைக்கு அனுப்பினார்கள். முடிவு வருவதற்குள் குடும்பத்தில் எல்லோரும் காரணத்தைக் கண்டுபிடித்துவிட்டார்கள். என் கணவர் என் சொந்தத் தாய்மாமா மகன். “சொந்தத்துல கட்னா இப்டித்தான்” என்றவர்களில் பாதிப் பேர், எங்கள் கல்யாணத்தில் பிரியாணி சாப்பிட்டுவிட்டு, நல்ல பொருத்தம் என்று வாழ்த்திவிட்டுப் போனவர்கள். எரிச்சலாக இருந்தாலும் நானும் அதைத்தான் நம்பினேன்.

முடிவு வந்ததும் பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா ஒரு படத்தைக் காட்டினார். அதில் குரோமோசோம்கள் ஜோடி ஜோடியாக நின்றன. சொந்தத்தில் கட்டியது காரணமில்லை என்றார். என்னுடையதில் ஒன்றுமில்லை என்றார்.

“உங்க வீட்டுக்காரருக்கு ரெண்டு குரோமோசோம்ல நுனி உடைஞ்சு, இதோட துண்டு அதுலயும் அதோட துண்டு இதுலயும் ஒட்டியிருக்கு. எதுவும் கூடல, குறையல. இடம் மட்டும் மாறியிருக்கு. அதனால அவர் நல்லாத்தான் இருக்கார். குழந்தைக்குப் போகும்போதுதான் சில சமயம் கூடக்குறைய ஆயிடுது. புரியுதாம்மா?”

தலையாட்டினேன். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சருக்கு ஆட்டிய அதே தலை. ஒரு குறையும் இல்லாத மனிதரிடமிருந்து எப்படி மூன்று பிள்ளைகள் இல்லாமல் போகும்? என்மேல் இல்லை என்றதும் நிம்மதியாக இருந்தது. அவர்மேல் என்றதும் அந்த நிம்மதி கசந்தது. எதைப் பிடித்துக்கொள்வது என்று தெரியவில்லை.

பஸ்ஸில் ஊர் திரும்பினோம். என் கணவர் கள்ளக்குறிச்சியில் செருப்புக் கடை வைத்திருப்பவர். தியாகதுருகம் நெருங்கும்போது திடீரென்று பேசினார்.

“ஏழாம் நம்பர் டப்பால ஒரு எட்டு, எட்டாம் நம்பர் டப்பால ஒரு ஏழு பூந்துகினுதுன்னு வெச்சுக்க. ரெண்டு டப்பாவும் கடைலயே இருக்கற வரைக்கும் ஒண்ணும் கம்மி இல்ல. ஒண்ண மட்டும் எடுத்துக் குடுத்தாதான் வம்பு.”

“ரெண்டயும் சேத்துக் குடுத்தா?”

“அப்ப சரியாத்தான் இருக்கும்.” கொஞ்சம் யோசித்தார். “ஆனா உள்ள மாறித்தான கெடக்கும். எனுக்கே தெர்ல, வுடு.”

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

வீட்டில் மாமி, அதாவது அவருடைய அம்மா, வாசலிலேயே நின்றிருந்தார். “இன்னா சொன்னாங்க?”

“ஏதோ எடம் மாறியிருக்காம்மா” என்றார் இவர்.

மாமியின் காதில் இடம் என்ற சொல் மட்டும்தான் விழுந்தது. “நான்தான் அப்பவே சொன்னனே, இந்த வூடு நமக்கு ஆவலன்னு. எடம் மாத்தினாத்தான் சரிப்படும்.” அது வேறு இடம் என்று சொல்ல நான் வாயெடுத்தேன். இவர் என்னைப் பார்த்தார். திருத்த வேண்டுமென்றால், தன்னிடம்தான் கோளாறு என்று அவர் தன்னைப் பெற்ற தாயிடம் சொல்ல வேண்டும். நான் வாயை மூடிக்கொண்டேன்.

கொஞ்ச நாளில் கச்சிராயபாளையத்தில் ஒரு வாடகை வீட்டுக்கு வந்துவிட்டோம். இவர் தினமும் டவுன் பஸ்ஸில் கடைக்குப் போய்வந்தார். அங்கே நான் மறுபடி உண்டானேன். முன்பு கலைந்த மாதங்களைத் தாண்டியும் கரு நின்றது. “பாத்தியா, எடம் மாத்துனதும் நின்னுச்சி” என்றார் மாமி. வெளியே கரும்பு டிராக்டர் போகும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு படுத்திருக்கும்போது, ஒருவேளை வீடுதான் காரணமோ என்று எனக்கே தோன்றிவிடும். படித்தவள்தான் நான்.

ஆனாலும் பயம் போகவில்லை. குழந்தைக்குத் துண்டுகள் கூடக்குறைய வந்திருக்கிறதா என்று பார்க்க, வயிற்றில் ஊசி போட்டு நீர் எடுத்தார்கள். முடிவு சொல்ல டாக்டரம்மா போன் செய்தபோது மாமியும் பக்கத்தில் இருந்தார். ஸ்பீக்கரில் போட்டேன்.

“பயப்பட ஒண்ணுமில்லம்மா. அப்படியே அப்பா மாதிரிதான்.”

“அல்ஹம்துலில்லாஹ்” என்றார் மாமி. “ஆம்பளப் புள்ள.” ஆணா பெண்ணா என்று சொல்லக் கூடாது என்பதால் டாக்டரம்மா ஜாடையாகச் சொல்லிவிட்டதாக அவர் நினைத்துக்கொண்டார்.

இவர் எழுந்து கொல்லைப்பக்கம் போனார். பின்னாலேயே போனேன்.

“ரெண்டு டப்பாவும் சேந்தே வந்துட்ச்சி” என்றார். “நல்லதுதான. ஆனா நாளிக்கி அதுக்கு ஒரு புள்ளன்னு வரும்போது?”

எனக்குச் சந்தோஷப்படுவதா அழுவதா என்று தெரியவில்லை. இரண்டையும் செய்தேன்.

பிறந்தது பெண். மாமி ஒரு கணம் திகைத்துப்போனார். பிறகு வாரி எடுத்து மூக்கையும் காதையும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “டாக்டரம்மா சொன்னது கரெக்டுதான்” என்று சிரித்தார். “அப்படியே அத்தா மாதிரி.”

குழந்தையின் காதில் பாங்கு சொல்லக் குனிந்திருந்த இவருக்குக் குரலே வரவில்லை. மகனுக்குச் சந்தோஷத்தில் தொண்டை அடைத்துவிட்டது என்று மாமி நினைத்துக்கொண்டார். சந்தோஷமும்தான்.