லக்கல பக்கம் தேடிய கிணறு

மாத்தளைக்கு வடக்கே ஒரு கல்குவாரியில் பாறையில் துளை போடும் வேலை பார்த்தேன். அதற்கு முன் தம்புள்ளையில் லொறிகளுக்கு மரக்கறி மூட்டை ஏற்றினேன். அதற்கு முன் வேறெங்கோ. குவாரியில் வெடி வைப்பவரை எல்லோரும் அண்ணன் என்போம்.

மிஞ்சிய வெடிமருந்துக் குச்சிகளைப் பொலிசில் திருப்பி ஒப்படைக்க வேண்டும். போனால் ஒரு நாள் வேலை கெட்டுவிடும். அதனால் எல்லாம் வெடித்ததாகச் சொல்லிவிட்டு மிச்சத்தைக் கொட்டிலில் வைத்துக்கொள்வோம். குளத்தில் மீன் பிடிக்க என்று கேட்பவனை அண்ணன் விரட்டுவார். கிணற்றுக்கு என்றால் சும்மா கொடுப்பார். லக்கல பக்கம் கிணறு வெட்டினால் பாதியில் பாறை மறிக்கும்.

"தண்ணிக்குக் கேக்குறவன்கிட்ட காசு வாங்குனா வெளங்குவோமாடா?"

எந்தக் கிணறு என்று யாரிடமும் கேட்டதில்லை.

அப்படி ஒருவன் வந்தான். சில வாரம் கழித்து மறுபடி வந்தான்.

"இன்னும் பாறைதாங்க அண்ணே."

"ஒங் கெணறு பாதாளத்துக்கே போயிரும் போலயே!" என்று சிரித்தபடி அள்ளிக் கொடுத்தார்.

நாட்டில் குண்டுகள் வெடித்துப் பலர் செத்த வருடம் அது. தேடுதலில் ஒரு வீட்டில் அகப்பட்ட குச்சிகளின் உறையில் எங்கள் குவாரிக்குரிய இலக்கம் இருந்தது. கிணற்றுக்குத்தான் கொடுத்தேன் என்றார் அண்ணன்.

"அப்படியானால் கிணற்றைக் காட்டு" என்று சிங்களத்தில் சொன்னார் பொலிஸ் அதிகாரி. "இல்லையென்றால் குண்டு வைத்தவர்களில் நீயும் ஒருவன்."

பாதை தெரிந்தவன் என்று என்னையும் ஜீப்பில் ஏற்றினார்கள். ஊர் ஊராக அலைந்தோம். அவனை யாருக்கும் தெரியவில்லை. வெடி வைத்த கிணறு எங்கும் இல்லை. கடைசியாகக் காட்டை எரித்துப் பயிரிட்ட ஒரு சேனை ஓரத்தில் பாதி வெட்டிய கிணறு ஒன்று கிடைத்தது. அண்ணன் அவசரமாகக் கயிற்றைப் பிடித்து இறங்கினார். அடியில் குந்தி, வெடித் துளை தேடிப் பாறையை அங்குலம் அங்குலமாகத் தடவினார். உளி பட்ட தழும்புகள்தான் இருந்தன.

"அண்ணே, இருக்கா?" என்று கத்தினேன்.

சேனைக்காரர் ஓடிவந்து உள்ளே எட்டிப் பார்த்தார். "மாத்தயா, பாறைக்கு மருந்து கொண்டு வந்தீங்களா?" என்று சிங்களத்தில் ஆவலாகக் கேட்டார்.

அண்ணன் மேலே வந்தார். கையில் ஒட்டிய மண்ணைச் சாரத்தில் துடைத்துவிட்டு, கைகளை விலங்குக்கு நீட்டினார்.