துவக்கின் வயிற்றில் சந்தனம்

நான் ஒரு மடையன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதி வாசித்த பிறகு நீங்களாகக் கண்டுபிடித்தால் எனக்கு வெட்கமாக இருக்கும். வாழ்க்கையில் ஒரு துவக்கையும் கழற்றிப் பார்த்திராத நான், காலையில் வேலை பிரிக்கிற பெரட்டுக் களத்தில் எல்லோரும் பார்க்க, "குடுங்க தொரை, நான் கழட்டிச் சரி பண்ணித் தர்றேன்" என்று சொன்னேன். யாரும் என்னைக் கேட்கவில்லை. வாய் தானாகத் திறந்தது, வார்த்தை தானாக வந்தது. என் மூளைக்கும் வாய்க்கும் நடுவில் ஒரு கேட் இருக்கிறது. அதற்குக் காவல் கிடையாது.

எங்கள் தோட்டம் பெரகலைக்கு மேலே. நான் அங்கே ஆபீஸ் கிளாக்கர். தோட்டத்து வாச்சர் என் மனைவியின் அண்ணன், எனக்கு மச்சான். தேயிலைக் கன்று வளர்க்கிற தவறணையைக் காட்டுப்பன்றி கிளறாமல் பார்த்துக்கொள்வது அவர் வேலை. அதற்காகத் தோட்டத்தின் பேரில் இருப்பதுதான் அந்தத் துவக்கு, ஒரு பழைய ரைபிள். எந்தக் காலத்துத் துரை விட்டுப்போனதோ தெரியாது. கைப்பிடியைத் தூக்கி, பின்னால் இழுத்து, முன்னால் தள்ளிப் பூட்டினால்தான் சுடும். அப்படி இழுபடுகிற இரும்புக் குழாய்க்குப் பெயர் போல்ட். அதன் வயிற்றுக்குள் ஒரு ஸ்பிரிங்கும் நீளமான ஊசி ஒன்றும் இருக்கின்றன. விசையை அழுத்தினால் ஸ்பிரிங் ஊசியைத் தள்ளும், ஊசி தோட்டாவின் முதுகில் அடிக்கும். இதையெல்லாம் நான் தெரிந்துகொண்டது அன்றைக்குப் பின்னேரம்தான். காலையில் வாயைத் திறந்தபோது எனக்குத் தெரிந்ததெல்லாம், துவக்குக்கு ஒரு முன்பக்கம் உண்டு, அந்தப் பக்கம் நிற்கக் கூடாது என்பது மட்டும்.

லைசன்ஸ் புதுப்பிக்க மறுநாள் துவக்கைப் பண்டாரவளைக்குக் கொண்டுபோய்ப் பொலிசில் காட்ட வேண்டும். அதற்கு முன்னால் ஒரு தடவை பார்ப்போம் என்று தோட்டத்து மேனேஜர் துரை அதை வாங்கி, உள்ளே தோட்டா இல்லை என்று பார்த்துவிட்டு, போல்டை இழுத்துப் பூட்டி விசையை அழுத்தினார். "டக்" என்று வர வேண்டிய இடத்தில் "ம்ஸ்க்" என்று வந்தது. சேற்றில் மாட்டிய செருப்பை உருவினால் ஒரு சத்தம் வருமே, அது. மறுபடி அழுத்தினார். ஊசி, போவோமா வேண்டாமா என்று யோசித்து, மெதுவாக எட்டிப் பார்த்துவிட்டு நின்றது. அந்த வேகத்துக்குப் பன்றி வந்து மேய்ந்து, குட்டிகளையும் கூட்டிக்கொண்டு வீடு போய்ச் சேர்ந்துவிடும்.

"வாச்சர், இது வேல செய்யாதா?"

"செய்யுங்க தொரை. காலைக் குளிருக்குக் கொஞ்சம் சொணங்கும்" என்றார் மச்சான்.

"பொலிசுலயும் சொணங்குனா அவங்க துவக்க வாங்கி வச்சுக்குவாங்க. துவக்கு இல்லாத வாச்சர் எனக்கு எதுக்கு? டவுன்ல இருந்து செக்குரிட்டி எடுத்துருவேன்."

துரை கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை, மத்தியானம் ஆறிவிடுவார். நிதானமாகச் சொன்னார். வாச்சர் வேலை போனால், ஸ்டோருக்குப் பக்கத்தில் மச்சான் இருக்கும் வீடும் போகும். அது வேலைக்கு என்று கொடுத்த வீடு. லயத்து வரிசை வீடுகளில் அவருக்கு முன்பு இருந்த ஒற்றைக் காம்பராவில் இப்போது வேறு குடும்பம் இருக்கிறது. மச்சான் தொப்பியைக் கழற்றித் திரும்பப் போட்டுக்கொண்டார், வேறு என்ன செய்வது என்று தெரியாமல். அந்த முகத்தைப் பார்த்தபோதுதான் என் வாய் திறந்தது.

"நான் ஸ்கூல்ல கெடட்டுங்க தொரை. கண்ண மூடிட்டுக் கழட்டுவேன்."

கெடட்டில் இருந்தது உண்மை. எங்கள் பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்திருந்தவை மரத் துவக்குகள். பலகையில் வெட்டி, கறுப்புப் பெயின்ட் அடித்தவை. அதையும் அணிவகுப்பில் கீழே போட்டு இரண்டாகப் பிளந்தவன் நான். ஒரு வகையில் பார்த்தால், கழற்றிய அனுபவம் இருந்தது.

பின்னேரம் மச்சான் வீட்டுப் பின்வாசலில் சாக்கை விரித்து உட்கார்ந்தேன். மச்சானின் மனைவி, நான் அக்கா என்று கூப்பிடுகிறவர், ஒரு பேசினில் மண்ணெண்ணெயும், கிழிந்த சீலைத் துண்டுகளும், ஒரு பழைய பல் பிரஷ்ஷும் கொண்டுவந்து வைத்தார்.

"மாப்ள, நெசமாவே தெரியுமா?" என்று மச்சான் மெதுவாகக் கேட்டார்.

"கெடட்காரன்கிட்ட கேக்குற கேள்வியா மச்சான் இது?"

நான் மத்தியானம் முழுக்க ஆபீஸ் கதவைச் சாத்திக்கொண்டு போனில் யாரோ ஒரு வெள்ளைக்காரன் துவக்கு கழற்றுகிற வீடியோவைப் பார்த்துக்கொண்டிருந்தது அவருக்குத் தெரியாது. அந்த வெள்ளைக்காரனின் துவக்குப் பளபளவென்று இருந்தது. வெள்ளைக் கையுறை வேறு போட்டிருந்தான். எனக்கு அப்போதே சந்தேகம் வந்திருக்க வேண்டும்.

விசையைப் பிடித்துக்கொண்டு போல்டை முழுக்கப் பின்னால் இழுத்தேன். வந்துவிட்டது. அதோடு ஒரு வாடையும் வந்தது. சிக்குப் பிடித்த தேங்காயெண்ணெய் வாடை. தலையணை உறையை மாதக்கணக்கில் துவைக்காமல் வைத்தால் வருவது. அதற்கு அடியில் புளித்த வாடை ஒன்று. அதற்கும் அடியில், கோயிலுக்குள் நுழைந்ததும் வருமே, அந்த நல்ல மணம், செத்துப்போய்க் கிடந்தது. அக்கா மூக்கை முந்தானையால் பொத்திக்கொண்டு, "என்னங்க இது, உள்ள எலி கிலி செத்துருச்சா?" என்றார்.

போல்டின் பின்பக்கத்து இடுக்கில் ஈர்க்குச்சியை விட்டுக் கிண்டினேன். ஈர்க்குச்சி நுனியில் ஏறிவந்ததை என்னவென்று சொல்வது? காதுக்குறும்பி மாதிரி இருந்தது. ஆனால் அவ்வளவு அழுக்கு ஒரு காதுக்குள் இருந்தால் அந்த மனிதன் செவிடனாகத்தான் இருப்பான். மேலே கறுப்பு, கீழே பச்சை, அதற்குக் கீழே மஞ்சள், நடுவில் ஒரு சிவப்புக் கோடு. வரி வரியாக இருந்தது.

"மச்சான், இது கிரீசு இல்ல."

மச்சான் பக்கத்தில் வரவில்லை. எட்டி நின்றுகொண்டு, "அது சந்தனம் மாப்ள" என்றார்.

கதை இதுதான். எங்கள் தோட்டத்தில் ஆயுத பூசைக்கு எல்லாவற்றையும் வரிசையாக வைத்துப் பொட்டு வைப்போம். கவ்வாத்துக் கத்தி, மருந்து டாங்கி, லொறி, ஆபீஸ் கம்பியூட்டர். துவக்கும் அந்த வரிசையில் இருக்கும். மற்றவர்கள் வெளியே பொட்டு வைத்துவிட்டுப் போய்விடுவார்கள். மச்சான் பக்திமான். வெளியே வைத்த பொட்டை நம் மலை மழை ஒரே இரவில் கழுவிவிடுகிறது என்று அவருக்கு மனக்குறை. அதனால் துவக்கின் இடுக்கு வழியாக உள்ளே வைத்திருக்கிறார். சந்தனமும் குங்குமமும் காய்ந்து உதிராமல் இருக்கத் தேங்காயெண்ணெய் விட்டிருக்கிறார். சாமி பொட்டைத் துடைக்கக் கூடாது என்று அடுத்த வருடம் அதன் மேலேயே வைத்திருக்கிறார். ஒவ்வொரு வருடமும். அப்போது பக்கத்தில் சந்தனத் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றது யார் என்று தயவுசெய்து கேட்காதீர்கள்.

"இத்தன வருசமா ஒரு சிறுத்தையும் என்னய ஒண்ணும் பண்ணலயே" என்றார் மச்சான். "அந்தப் பொட்டுத்தான் காவல். அத வழிச்சுப் போட்றாதீங்க."

"மச்சான், இத வழிக்கலன்னா நாளைக்கு ஒங்க வீட்டு அடுப்பையும் வழிச்சு வெளிய வைக்கணும்."

"சாமி குத்தமாயிரும் மாப்ள."

அக்காவுக்குக் கோபம் வந்துவிட்டது. "சாமி இதுக்குள்ளயா குடியிருக்கு? இந்த நாத்தத்துல சாமி ஒரு நிமிசம் இருக்குமா? தம்பி, நீங்க கழுவுங்க. குத்தம் என் தலையில விடியட்டும்!"

மச்சான் திரும்பி நின்றுகொண்டார். பார்க்காவிட்டால் பாவம் இல்லை போலிருக்கிறது.

வெள்ளைக்காரன் வீடியோவில் ஒரு முக்கியமான விசயம் சொல்லியிருந்தான். போல்டின் பின்கட்டையைத் திருகிக் கழற்றும் முன் ஸ்பிரிங்கின் இறுக்கத்தைத் தளர்த்த வேண்டும். அவன் அதைச் சொன்ன நேரம் எனக்குக் கொட்டாவி வந்திருக்க வேண்டும். நான் இறுக்கமாக இருந்ததை இறுக்கமாகவே திருகினேன். சந்தனக் களிம்பு கெட்டியாகப் பிடித்திருந்ததால் அசையவில்லை. இன்னும் பலமாகத் திருகினேன். முகத்தை அருகில் கொண்டுபோய், பல்லைக் கடித்து, வாயை இளித்துக்கொண்டு திருகினேன்.

ஸ்பிரிங் பறந்தது. அது சுவரில் மோதி ஆட்டுக்கல் பக்கம் விழுந்தது. அது பெரிய விசயம் இல்லை. அதற்கு முன்னால் உள்ளே இருந்த சரக்கு முழுவதும் என் முகத்துக்கு வந்து சேர்ந்தது. கண்ணாடியில் கொஞ்சம், மீசையில் நிறைய. இளித்த வாய்க்குள் ஒரு கட்டி.

அதில் இனிப்பு இருந்தது. அதைத்தான் என்னால் இன்றுவரை மன்னிக்க முடியவில்லை. கசப்பாக இருந்திருந்தால் துப்பிவிட்டு மறந்திருப்பேன். படையலுக்கு வைத்த சக்கரைப் பொங்கல் மச்சானின் விரலோடு வந்து சந்தனத்தில் ஒட்டி, வருடக்கணக்கில் அந்த இருட்டுக்குள் இருந்திருக்கிறது. நாக்கு அதை அடையாளம் கண்டுகொண்டது. பிறகு பல்லில் ஏதோ நொறுங்கியது. துப்பிப் பார்த்தேன். பொங்கலுக்கு வந்த விருந்தாளி. ஒரு கரப்பானின் கால், முள்ளோடு.

குழாயடிக்கு ஓடினேன். மத்தியானச் சோறு, பதினொரு மணித் தேத்தண்ணி, காலை ரொட்டி, எல்லாம் வந்த வழியே திரும்பின. பின்னால் அக்காவின் குரல் கேட்டது: "செம்பத் தொடாதீங்க தம்பி! கையால அள்ளிக் கொப்பளிங்க!"

ஓடியிருக்கலாம். வீட்டுக்குப் போய்ப் படுத்திருக்கலாம். ஆனால் திரும்பிப் பார்த்தபோது, மச்சான் சாக்கு மேல் கிடந்த போல்டைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார், இப்போது அது முழுத் துவக்குக்கூட இல்லை என்பது போல. துண்டு துண்டாகப் பொலிசுக்குக் கொண்டுபோக முடியாது. நான் மூக்குக்குள் சீலைத் துணியைச் சுருட்டி அடைத்துக்கொண்டு மறுபடி உட்கார்ந்தேன்.

ஊசியை உருவி மண்ணெண்ணெயில் போட்டேன். பேசின் உடனே மஞ்சள் பூத்தது. ஏதோ சாமிக்கு அபிஷேகம் செய்த தண்ணீர் மாதிரி. அதில் எறும்புகள் மிதந்தன. கரப்பான் முட்டைக் கூடு ஒன்று, புளியங்கொட்டை நிறத்தில், உடையாமல் முழுசாக மிதந்தது. அது நல்ல வேளை காலியாக இருந்தது என்று நினைத்தேன். பிறகு, காலி என்றால் உள்ளே இருந்தவை எங்கே போயின என்று நினைத்தேன். பிறகு நினைப்பதை நிறுத்திவிட்டேன். பிரஷ்ஷால் ஊசியைத் தேய்த்தேன், குழாய்க்குள் சீலைத் துணியைக் குச்சியில் சுற்றி விட்டு இழுத்தேன். முதல் துணி கறுப்பு, அடுத்தது பச்சை. துணி வெள்ளையாக வரும்வரை அக்கா கிழித்துக் கொடுத்துக்கொண்டே இருந்தார். கடைசியில், எண்ணெய் தொட்டதா தொடவில்லையா என்கிற அளவுக்குத் தையல் மெசின் எண்ணெய் ஒரு துளி.

திரும்பப் பூட்டினேன். ஊசி நுனி வெளியே வரவில்லை. கழற்றிப் பார்த்தால் ஸ்பிரிங்கைப் போடவே மறந்திருக்கிறேன். அது ஆட்டுக்கல் பக்கமே கிடந்தது. கண்ணை மூடிக்கொண்டு கழற்றுகிறவனின் லட்சணம்! ஸ்பிரிங்கையும் கழுவிப் போட்டு, பின்கட்டையைத் திருகி, போல்டைத் துவக்குக்குள் தள்ளி, மலைப் பக்கம் நீட்டி, விசையை அழுத்தினேன்.

"டக்."

சுத்தமான சத்தம். மறுபடி முதுகைக் காட்டி நின்றிருந்த மச்சான் அப்போதுதான் திரும்பினார். துவக்கை வாங்கி, அவரே இழுத்துப் பூட்டி அழுத்தினார். "டக்." இன்னொரு தடவை. உள்ளே போனவர் சந்தனக் கிண்ணத்தோடு வந்தார். நானும் அக்காவும் ஒரே நேரத்தில் கத்தினோம். கடைசியில் ராஜி ஆனது: கட்டைப் பிடியில் மட்டும், வெளியே, சின்னதாக ஒன்று.

அன்றிரவு எனக்குச் சோறு இறங்கவில்லை. சவர்க்காரம், தேசிக்காய், சாம்பல், எது போட்டுத் தேய்த்தும் விரலிலிருந்து அந்த வாடை போகவில்லை. நகக்கண்ணில் இன்னும் மஞ்சள் இருந்தது. என் மனைவி தட்டில் ஒரு கரண்டியைப் போட்டுத் தள்ளிவிட்டு, வேறு அறைக்குப் போய்ச் சாப்பிட்டாள்.

மறுநாள் தோட்டத்து லொறியில் பண்டாரவளைக்குப் போனோம். மச்சான் சலவை செய்த வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். பொலிசில் ஒரு சார்ஜன் துவக்கை வாங்கி, நம்பரைப் பார்த்து, போல்டைத் திறந்து கண்ணை வைத்துப் பார்த்தார். மச்சான் மூச்சு விடவில்லை. நானும் விடவில்லை, எனக்குக் காரணம் அந்த வாடை. சார்ஜன் பூட்டி, மேலே நீட்டி அழுத்தினார். "டக்." தலையை ஆட்டினார். நன்றாக வைத்திருக்கிறீர்கள் என்று சிங்களத்தில் மச்சானிடம் சொல்லி, கையெழுத்துப் போட்டுத் துவக்கைத் திருப்பிக் கொடுத்தார்.

மச்சான் அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். முன்சீட்டில் டிரைவருக்குப் பக்கத்தில் நெருக்கி உட்கார்ந்து, மலை ஏறத் தொடங்கிய பிறகுதான் அவர் முகத்தில் நிறம் திரும்பியது. இதுதான் நேரம் என்று எனக்குத் தோன்றியது. ஒரு நன்றி, ஒரு பாராட்டு, குறைந்தபட்சம் ஒரு தேத்தண்ணியாவது கிடைக்கும். உரிமையோடு அவர் தோளில் கையைப் போட்டேன்.

"சொல்லுங்க மச்சான், இந்தக் கை இல்லாட்டி இன்னக்கி ஒங்க வேலயும் வீடும் என்னாகியிருக்கும்?"

"சட்டையில படுது, எடுங்க."