ராக் ஆல்பத்தில் மல்லாட்டை கடித்தவர்

“ரவி, ஜல்தி கெளம்பி வா. ரெண்டாவது பாட்டுல யாரோ எதையோ கடிச்சிக்கினு இருக்கான்.”

திண்டிவனத்திலிருந்து நைனார் போனில் இப்படிச் சொன்னபோது, நான் விழுப்புரம் கடையில் ஒரு ஆம்ப்ளிஃபயரைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஆடியோ சர்வீஸிலேயே தலை நரைத்தவன் நான். ஹம்மிங், கொரகொரப்பு, ஒரு பக்க ஸ்பீக்கர் ஊமை என்று எல்லாக் கம்ப்ளைண்டும் பார்த்திருக்கிறேன். கடிக்கிற சத்தம் என்று அதுவரை ஒருவரும் சொன்னதில்லை.

நைனார் மல்லாட்டை வியாபாரி; வேர்க்கடலையை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம். மண்டியை நடத்துவது என்னவோ அவர் மனைவி பத்மாவதி அம்மாதான்; இவர் கையெழுத்துப் போட்டுவிட்டு மீதி நேரம் பாட்டுக் கேட்பார். காலேஜ் ஹாஸ்டலில் பிடித்த பைத்தியம், பழைய இங்கிலீஷ் ராக் ஆல்பங்கள். எம்பி3 என்றால் முகம் சுளிப்பார். அது ஃபைலைச் சின்னதாக்குவதற்காகச் சத்தத்தில் கொஞ்சத்தைக் கழித்துவிடும். லாஸ்லெஸ் ஃபைல் எதையும் கழிக்காது. ஸ்டுடியோவில் பதிந்தது அப்படியே வரும். அதைக் கேட்பதற்கென்றே வீட்டின் பின்பக்கச் சரக்கு அறையைப் பிடித்துக்கொண்டு, எங்களிடம் டிரையலுக்கு ஒரு பெரிய செட் எடுத்திருந்தார்.

அறை எதிரொலித்தது. சுவருக்கு அகூஸ்டிக் பேனல் ஒட்டச் சொன்னேன். வீட்டில் இல்லாத மூட்டையா என்று மல்லாட்டை மூட்டைகளைச் சுவரோரம் கூரை வரை அடுக்கினார். எனக்குச் சிரிப்பு வந்தது. பாட்டைப் போட்டுப் பார்த்தால் பேஸ் கும்மென்று உட்கார்ந்தது. வாயை மூடிக்கொண்டேன்.

போன் வந்த அன்று போய்க் கேட்டேன். மெதுவான இடம் வரும்போது உண்மையாகவே ‘கறுக், கறுக்’. பாட்டை நிறுத்தினால் அதுவும் நின்றது. கேபிளை மாற்றினேன், எர்த் பார்த்தேன், ஸ்பீக்கரை இடம் மாற்றினேன். கறுக். என் சர்வீஸ் மானமெல்லாம் கப்பலேறிவிட்டது. செட் திரும்பி வந்தால் முதலாளி என்னை உண்டு இல்லை என்று ஆக்கிவிடுவார்.

ஆனால் நைனார் அதற்குள் கட்சி மாறிவிட்டார். ரெக்கார்டிங் அன்றைக்கு டிரம்மர் ஸ்டுடியோவில் ஏதோ தின்றிருக்கிறார், எம்பி3 கழித்துவிட்டது, லாஸ்லெஸ் பிடித்துக் கொடுத்துவிட்டது என்றார். மனுஷன் முகத்தில் அத்தனை சந்தோஷம்.

பத்மாவதி அம்மாவுக்குச் சந்தோஷம் இல்லை. அறுவடைச் சரக்கு வருகிற நேரம், அறை வேண்டும் என்றார். கடைசியில் ஒரு பந்தயம் போட்டார். ஒரே பாட்டை இரண்டு ஃபைலிலும் போட வேண்டும். கண்ணைக் கட்டிக்கொண்டு எது லாஸ்லெஸ் என்று சரியாகச் சொல்லிவிட்டால் அறை நைனாருக்கு. தப்பாகச் சொன்னால் மறுநாளே சரக்கு உள்ளே, செட் வெளியே.

துண்டால் கண்ணைக் கட்டினோம். நான் முதல் ஃபைலைப் போட்டேன். மெதுவான இடம் வந்தது. கறுக்.

நைனார் குதித்து எழுந்தார். “இதான் லாஸ்லெஸ். டிரம்மர் கடிக்கிறது கேக்குதா பத்மா?”

நான் போட்டிருந்தது எம்பி3.

பத்மாவதி அம்மா மூட்டைகளிடம் போனார். “டிரம்மரும் இல்ல ஒண்ணும் இல்ல. மல்லாட்டைய எலி ஒடைக்கிற சத்தம் எனக்குத் தெரியாதுங்களா?” என்று ஒரு மூட்டையை இழுத்தார். பின்னால் கொழுத்த எலி ஒன்று இரண்டு கையாலும் கொட்டையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. எங்களை ஒரு பார்வை பார்த்துவிட்டு மிச்சத்தையும் தின்றது. அதற்குப் பாட்டு ஓடினால்தான் சாப்பாடு இறங்கும் போலிருக்கிறது.

நைனார் துண்டை அவிழ்த்தார். ஸ்பீக்கர் ஒயரைத் தானே கழற்ற ஆரம்பித்தார். என் வேலைக்கு வந்த ஆபத்தைவிட அதைப் பார்க்கத்தான் எனக்குக் கஷ்டமாக இருந்தது. ஏதாவது சொல்ல வேண்டுமே என்று, மருந்து வைத்துவிடலாமா என்று கேட்டேன். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் என்னை முறைத்தார்கள். சமணக் குடும்பம், கொசுவைக்கூட ஊதித்தான் அனுப்புவார்கள். அந்த விஷயத்தில் மட்டும் புருஷன் பெண்டாட்டிக்குள் கருத்து வேறுபாடே கிடையாது. கூண்டில் பிடித்து வெளியே விடலாமே என்றேன்.

“போன வருசம் ஏரிக்கரையில வுட்டோம். எங்களுக்கு முன்ன வூடு வந்து சேந்துச்சு” என்றார் நைனார்.

பத்மாவதி அம்மா எலியையும் மூட்டையையும் மாறி மாறிப் பார்த்தார். வியாபாரக் கணக்கு ஓடுவது முகத்திலேயே தெரிந்தது. பிறகு கணவரைப் பார்த்து, “ஒயர மாட்டுங்க” என்றார்.

“பந்தயத்துல தோத்துட்டனே பத்மா.”

“தோத்தா என்னாங்க? இது இருக்கிற ரூம்ல புது சரக்க எறக்க முடியுமா? இந்த மூட்டைய நவுத்தினா பின்னாலயே வந்துரும். இங்கியே தின்னுக்கினு கெடக்கட்டும். நீங்க பாட்டு போட்டுக்கினு இது வெளிய வராம பாத்துக்குங்க.”

அடுத்த நிமிஷம் ஒயர் மாட்டியாகிவிட்டது. விழுப்புரம் பஸ்ஸில் நான் தனியாகச் சிரித்ததைப் பார்த்துப் பக்கத்து சீட்டுக்காரர் எழுந்து வேறு இடத்துக்குப் போனார்.

புதிதாகச் சர்வீஸுக்குப் போகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். கஸ்டமர் காதில் விழுந்தது என்றால் விழுந்ததுதான், அதில் சந்தேகப்படாதீர்கள். கடித்தது யார் என்று மட்டும் அவரிடம் கேட்காதீர்கள்.